ஆள் காணவில்லை: முதல் மணியிலிருந்து ஏழாம் ஆண்டு வரை

வீட்டில் ஒருவரைக் காணவில்லை என்றதும் பெரும்பாலான குடும்பங்கள் முதலில் சொந்தக்காரர்களுக்கு போன் போடுகின்றன. அடுத்து, விஷயம் தெருவுக்குத் தெரியாமல் பார்த்துக்கொள்கின்றன. காலை வரை பார்க்கலாம், வந்துவிடுவான் என்று ஓர் இரவு கழிகிறது. சில வீடுகளில் குறி கேட்கப் போகிறார்கள், வெற்றிலையில் மை போட்டுப் பார்க்கிறார்கள். நம்பிக்கை உள்ளவர்கள் அதையும் செய்யட்டும். ஆனால் போலீசில் புகார் கொடுத்து ரசீது வாங்கிய பிறகு செய்யட்டும். இந்த வரிசையை மாற்றத்தான் இந்த அத்தியாயம்.

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். ‘இருபத்து நாலு மணி நேரம் ஆனால்தான் புகார் எடுப்பார்கள்’ என்று ஊரெல்லாம் நம்புகிறார்கள். இந்தியச் சட்டத்தில் அப்படி ஒரு விதி இல்லை. பள்ளி விட்டு ஐந்து மணிக்கு வர வேண்டிய பிள்ளை ஆறரைக்கும் வரவில்லை, தோழிகள் வீட்டிலும் இல்லை என்றால் ஏழு மணிக்கே ஸ்டேஷனுக்குப் போகலாம். பிள்ளை எட்டு மணிக்குத் திரும்பி வந்தால் போய்ச் சொல்லிவிட்டு வரலாம். அதற்காக யாரும் உங்கள் மேல் வழக்குப் போட மாட்டார்கள்.

எண்கள் சொல்வதும் சொல்லாததும்

2019 முதல் 2021 வரை மூன்று ஆண்டுகளில், 18 வயது நிறைந்த பெண்கள் 10,61,648 பேரும் அதற்குக் குறைந்த வயதுச் சிறுமிகள் 2,51,430 பேரும் காணாமல் போனதாக நாடு முழுவதும் பதிவாகியிருக்கிறது. தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் தொகுத்து, 2023 ஜூலையில் உள்துறை அமைச்சகம் நாடாளுமன்றத்தில் வைத்த கணக்கு இது. நாளுக்குப் பிரித்துப் பார்த்தால் ஏறக்குறைய 1,200 பேர். ஆண்களும் சிறுவர்களும் இதில் சேரவில்லை. பஸ்ஸும் ரயிலும் மாதக்கணக்கில் ஓடாமல் நின்ற 2020-ம் ஆண்டும் இதற்குள்தான் இருக்கிறது.

குழந்தைகளை மட்டும் எடுத்துக்கொண்டால், 2022-ல் காணாமல் போனவர்கள் 83,350 பேர். அதில் சிறுமிகள் 62,946, சிறுவர்கள் 20,380, திருநர் 24. நான்கில் மூன்று பேர் சிறுமிகள். அதே ஆண்டில் கண்டுபிடிக்கப்பட்டவர்கள் 80,561 பேர்.

கடைசி எண்ணைப் பார்த்ததும், அநேகமாக எல்லோரும் கிடைத்துவிட்டார்களே என்று தோன்றும். அப்படியில்லை. 2022-ல் கிடைத்த குழந்தைகளில் 2021-லும் அதற்கு முன்பும் தொலைந்தவர்களும் இருக்கிறார்கள். ஓர் ஆண்டில் கிடைக்காதவர்கள் அடுத்த ஆண்டின் பாக்கியில் சேர்கிறார்கள். அந்தப் பாக்கி முழுதாகத் தீர்ந்த ஆண்டென்று ஒன்று இல்லை. ஆனாலும் இந்த எண்ணில் குடும்பங்கள் பிடித்துக்கொள்ள ஒரு நல்ல செய்தி உண்டு: தேடப்படும் குழந்தைகளில் பெரும்பகுதியினர் கிடைக்கிறார்கள். ‘போனது போனதுதான்’ என்று தலையில் அடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடக் காரணமே இல்லை.

மாநில வாரியாகப் பார்க்கும்போதும் நிதானம் வேண்டும். மேலே சொன்ன மூன்றாண்டுக் கணக்கில் மகாராஷ்டிரத்தில் 1,78,400 பெண்கள், மத்தியப் பிரதேசத்தில் 1,60,180, மேற்கு வங்காளத்தில் 1,56,905. இவை மக்கள்தொகையும் இடப்பெயர்வும் மிகுந்த மாநிலங்கள் என்பது ஒரு பக்கம். புகாரை ஒழுங்காகப் பதிவு செய்யும் மாநிலத்தில் எண் கூடித்தான் தெரியும் என்பது இன்னொரு பக்கம். எண் குறைவாக இருக்கும் இடம் பாதுகாப்பான இடம் என்று எடுத்துக்கொண்டால் ஏமாந்துபோவோம். அங்கே ஸ்டேஷன் வாசலிலேயே ஆட்களைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கவும் கூடும்.

அப்படித் திருப்பி அனுப்பியதன் விளைவை நாடு நொய்டாவின் நிதாரியில் பார்த்தது. கூலி வேலைக்கு வந்த ஏழைக் குடும்பங்களின் பிள்ளைகள் ஒருவர் பின் ஒருவராகத் தொலைந்தார்கள். பெற்றோர் புகாரோடு அலைந்தார்கள். யாரும் காது கொடுக்கவில்லை. 2006 டிசம்பரில் ஒரு வீட்டின் பின்புறச் சாக்கடையில் எலும்புகள் கிடைத்த பிறகுதான் தேசிய மனித உரிமை ஆணையம் இதற்கென்று ஒரு குழுவை அமைத்தது. பின்னர் 2013 மே 10 அன்று, பச்பன் பச்சாவோ அந்தோலன் என்ற குழந்தை உரிமை அமைப்பு தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓர் உத்தரவு போட்டது. குழந்தையைக் காணவில்லை என்று எந்தப் புகார் வந்தாலும் எப்.ஐ.ஆர். போட வேண்டும், வேறுவிதமாகத் தெரியவரும் வரை அதைக் கடத்தலாகவே கருதி விசாரிக்க வேண்டும் என்றது. இன்று உங்கள் கையில் இருக்கும் மிகப் பெரிய ஆயுதம் இந்த உத்தரவு. குழந்தைக் கடத்தல் வழக்குகளின் எண்ணிக்கை அதன் பின் ஏறியதற்கும் இது ஒரு காரணம். அந்த எண்களை வைத்து ‘பிள்ளை பிடிக்கிறவர்கள்’ என்று வாட்ஸ்அப்பில் பீதி பரப்பி, வடமாநிலத் தொழிலாளிகளையும் பிச்சை எடுப்பவர்களையும் மரத்தில் கட்டி வைத்து அடிப்பவர்கள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

கணக்குக்குள் வராதவர்களும் இருக்கிறார்கள். திருநர் குழந்தைகள் நாடு முழுவதற்கும் 24 பேர்தான் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. பாலின அடையாளத்தால் வீட்டில் அடிபட்டு வெளியேறும் பிள்ளையை, குடும்பம் ‘பையன்’ என்றே எழுதித் தருகிறது, பையன் என்றே தேடுகிறார்கள், கிடைக்காமல் போகிறது. பெற்றோரே அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு அனுப்பிவைத்த பிள்ளைகள் இன்னொரு வகை. உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து வடமாநில முறுக்குக் கம்பெனிகளுக்குப் போன சிறுவர்களில் பலர் கொத்தடிமைகளாகச் சிக்கி மீட்கப்பட்டவர்கள். போன் வருவது நின்று பல மாதம் ஆன பிறகும் அவர்கள் எந்த ஸ்டேஷனிலும் ‘காணவில்லை’ ஆகவில்லை. பணம் வாங்கியது வெளியே தெரிந்துவிடும் என்று பெற்றோர் பயந்தார்கள். உங்கள் வீட்டில் அப்படி நடந்திருந்தால் பயத்தை விட்டு மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகுக்குப் போங்கள். பிள்ளையின் உயிர் அட்வான்ஸ் பணத்தை விடப் பெரியது.

எந்த வகை என்று முதலில் கேளுங்கள்

எங்கே போனார் என்று தேடுமுன், எந்த மாதிரிப் போனார் என்று உட்கார்ந்து ஐந்து நிமிடம் யோசிக்க வேண்டும். பதினாறு பதினேழு வயதுப் பெண் போவதற்கும் எழுபது வயதுத் தாத்தா போவதற்கும் பெயர் ஒன்றுதான். தேட வேண்டிய இடம் வேறு, வேகம் வேறு, உதவிக்கு வருபவரும் வேறு.

ஐந்து வயதுக் குழந்தை தானாகத் தூரம் போகாது. முதல் பத்து நிமிடம் வீட்டுக்குள்ளும் வீட்டைச் சுற்றியும் பாருங்கள். கிணறு, தண்ணீர்த் தொட்டி, மூடியில்லாத சாக்கடை, பூட்டிக்கொள்ளும் கார், பக்கத்து வீட்டு மாடி எல்லாம் பார்த்து முடித்ததும் அவசர உதவி எண் 112-க்கும் குழந்தைகள் உதவி எண் 1098-க்கும் அழையுங்கள். திருவிழாக் கூட்டம் என்றால் போலீஸ் உதவி மையத்து மைக் இருக்கும் இடத்துக்கு ஒருவர் போகட்டும். இன்னொருவர் குழந்தை கைநழுவிய அதே இடத்தில் நகராமல் நிற்கட்டும். திருவண்ணாமலை தீபத்துக்குப் போலீசார் பிள்ளைகளின் மணிக்கட்டில் போன் நம்பர் எழுதிய பட்டை கட்டுவதுண்டு. சாதாரணமாகக் கோயிலுக்குப் போகும்போதும் ஒரு பால்பாயிண்ட் பேனாவால் குழந்தையின் முன்கையில் நம்பரை எழுதி அனுப்பலாம்.

பதின்ம வயதுப் பையன்கள் பெரும்பாலும் கோபத்திலோ பயத்திலோ போகிறார்கள். தேர்வு முடிவு, அப்பா அடித்தது, செல்போனைப் பிடுங்கியது, ஆன்லைன் விளையாட்டில் விட்ட பணம். கையில் இருக்கும் காசுக்கு எவ்வளவு தூரம் போக முடியுமோ அவ்வளவு தூரம். டிக்கெட் இல்லாமல் போக முடியும் என்பதால் ரயில். ஆகவே ரயில்வே உதவி எண் 139-க்கு உடனே தகவல் கொடுக்க வேண்டும். பெரிய ஸ்டேஷன்களில் ரயில்வே பாதுகாப்புப் படையும் குழந்தைகள் உதவி மையமும், தனியாக நிற்கும் பிள்ளைகளைக் கவனிக்கவே இருக்கின்றன. பிள்ளை அங்கே அவர்கள் கண்ணில் படுவதற்குள் வேலைக்கு ஆள் பிடிப்பவன் கண்ணில் பட்டுவிடக் கூடாது. அவசரம் எல்லாம் அதற்குத்தான். வீட்டில் எழுதி வைத்த கடிதமோ, உயிரை விட்டுவிடுவேன் என்ற பேச்சோ இருந்தால் புகாரின் முதல் வரியிலேயே அதைச் சொல்ல வேண்டும். அப்போது தேடும் வேகமே வேறு.

பதின்ம வயதுப் பெண்களில் பெரும்பகுதி காதல் என்று ஸ்டேஷனில் எல்லோரும் சொல்வார்கள். அதில் உண்மையும் உண்டு, ஆபத்தும் உண்டு. 18 நிறையாத பெண் விருப்பத்தோடு போயிருந்தாலும் சட்டத்தின் முன் அது கடத்தலாகவும் போக்சோ குற்றமாகவும் ஆகலாம். எனவே ‘அவன்கூடத்தான் போயிருப்பா, ரெண்டு நாள் பாருங்கம்மா’ என்று சொல்லி யாரும் உங்களைத் திருப்பி அனுப்ப முடியாது. இன்ஸ்டாகிராமில் அறிமுகமான ‘அவன்’ யார், எந்த ஊர், உண்மையிலேயே அந்த வயதுதானா என்று யாருக்கும் தெரியாத காலம் இது. வீட்டில் ஏற்பாடு செய்த கல்யாணத்துக்குப் பயந்து ஓடுகிற பெண்களும் உண்டு. அப்படி இருந்தால் 1098-ல் அதையும் சொல்லுங்கள். கிடைத்த பிறகு பெண்ணை எங்கே வைப்பது என்று முடிவெடுக்கக் குழந்தைகள் நலக் குழுவுக்கு அது தெரிய வேண்டும்.

வளர்ந்த பெண்கள் மூன்றாண்டில் பத்து லட்சத்துக்கும் மேல். இந்த எண்ணைக் கேட்டதும் எல்லோரும் கடத்தல் என்கிறார்கள். கடத்தலும் உண்டு, வேலை வாங்கித் தருகிறேன், வெளிநாட்டுக்கு அனுப்புகிறேன் என்று கூட்டிப்போய் விற்பவர்கள் உண்டு. ஆனால் அடி தாங்காமல் வீட்டை விட்டுப் போன மனைவிகளும், பெற்றோர் சம்மதிக்காத கல்யாணம் செய்துகொண்டவர்களும் இதே கணக்கில்தான் இருக்கிறார்கள். 18 வயதானவர் தன் விருப்பப்படி போவது குற்றமல்ல. போலீஸ் கண்டுபிடித்தால் வாக்குமூலம் வாங்கி, நலமாக இருக்கிறார் என்று குடும்பத்துக்குச் சொல்லலாம். வரமாட்டேன் என்பவரை வீட்டுக்கு இழுத்து வர அவர்களுக்கு அதிகாரம் இல்லை. அடிக்குப் பயந்து போன பெண்ணின் முகவரியைக் கணவனிடம் கொடுப்பது எவ்வளவு பெரிய கொடுமை என்பதைப் புகார் கொடுக்கும் உறவினர்கள் நினைத்துப் பார்க்க வேண்டும். அப்படிப் போக வேண்டிய நிலையில் இருப்பவர் இதைப் படித்தால், 181 என்ற பெண்கள் உதவி எண்ணை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்.

ஆண்களை யாரும் சரியாகத் தேடுவதில்லை. ‘கடன்காரனுக்குப் பயந்து போயிருப்பான், அடங்கினதும் வருவான்’ என்று சொந்தமே சொல்கிறது. கடன் நெருக்கடியில் போகிற ஆண் உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணத்தோடும் போயிருக்கலாம். அவருக்கும் முதல் நாளே புகார் கொடுங்கள்.

மறைக்காதீர்கள்

இந்த அத்தியாயத்தில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள்.

ஸ்டேஷனில் ரைட்டர் மேசைக்கு எதிரே ஒரு தாயும் தகப்பனும் உட்கார்ந்திருக்கிறார்கள். ‘வீட்ல ஏதாவது சண்டையாம்மா?’ என்று கேட்கிறார் ரைட்டர். தாய் வாயைத் திறக்கிறாள். தகப்பனின் முழங்கை அவள் மேல் லேசாக இடிக்கிறது. ‘அதெல்லாம் ஒண்ணும் இல்லீங்க சார், நல்லாத்தான் இருந்தா’ என்கிறார் அவர். புகாரில் அந்த வரி ஏறுகிறது: எவ்விதப் பிரச்சினையும் இல்லை. முந்தின நாள் பெண்ணின் போனை உடைத்தது, அதில் ஒரு பையனின் படம் இருந்தது, அவன் எதிர்த் தெரு பேக்கரியில் வேலை பார்ப்பவன் என்பது, எல்லாம் அந்த வரியில் புதைந்துவிட்டன. மூன்று நாள் கழித்துத் தாய் தனியாக வந்து அழுதுகொண்டே சொல்லும்போது பேக்கரிப் பையன் அறையைக் காலி செய்து போயிருப்பான்.

குடும்பங்கள் மறைக்கும் விஷயங்கள் எப்போதும் இவைதான்: காதல், அடி, கடன், குடி, மனநோய்க்கு மருந்து சாப்பிடுவது, முன்பும் ஒருமுறை ஓடிப்போனது. தேடுபவருக்குத் துப்பு கொடுப்பவையும் இவைதான். மானம் என்று நினைத்து எதை ஒளிக்கிறோமோ அதுதான் ஆளைக் கண்டுபிடிக்கும் வழியாக இருக்கிறது. சாதி மாறிய காதலை மறைத்து ‘கடத்திவிட்டான்’ என்று எழுதிக் கொடுப்பவர்களும் இருக்கிறார்கள். அது ஒரு பையனின் வாழ்க்கையையே அழிக்கும் பொய். சில ஊர்களில் உயிரையே எடுத்திருக்கிறது.

எல்லார் முன்னிலையிலும் சொல்ல முடியாவிட்டால் இன்ஸ்பெக்டரிடம் அல்லது பெண் எஸ்.ஐ.யிடம் தனியாகப் பேச வேண்டும் என்று கேளுங்கள். தம்பி தங்கைகளிடமும் நண்பர்களிடமும் பேசுங்கள். அடிக்கமாட்டோம், திட்டமாட்டோம் என்று முதலில் உறுதி கொடுத்துவிட்டுக் கேளுங்கள். அவர்களுக்குத் தெரிந்ததில் பாதி உங்களுக்குத் தெரியாது.

ஸ்டேஷனில்

போகும்போது கையில் இருக்க வேண்டியவை: சமீபத்திய போட்டோ, ஆதார் நகல், அவருடைய எல்லா போன் நம்பர்களும், போன் பெட்டி இருந்தால் அதில் அச்சிட்ட ஐ.எம்.இ.ஐ. எண்ணும். கல்யாண ஆல்பத்தில் மேக்கப்போடு எடுத்த படம் வேண்டாம். நேற்றுப் பார்த்த முகம் வேண்டும். உடையைச் சொல்லும்போது ‘நீலச் சட்டை’ என்று மட்டும் சொல்லாமல், பீரோவைத் திறந்து எந்த உடுப்பு குறைகிறது, எந்தப் பை இல்லை, செருப்பு எது என்று பார்த்துவிட்டுப் போங்கள். அங்க அடையாளம் என்ற கட்டத்தில் மச்சம், தழும்பு, பச்சை குத்தியது, உடைந்த பல், ஆபரேஷன் தையல் எல்லாவற்றையும் இடம் குறிப்பிட்டு எழுதுங்கள். பின்னால் பெயர் சொல்லத் தெரியாத ஒருவரையோ, பேச முடியாத நிலையில் ஒருவரையோ அடையாளம் காண இந்த ஒரு கட்டம்தான் துணை.

‘இது எங்க லிமிட் இல்லை’ என்றால் ஒப்புக்கொள்ளாதீர்கள். 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173-ஆம் பிரிவுப்படி, எந்த எல்லையில் நடந்த குற்றமானாலும் எந்த ஸ்டேஷனிலும் தகவல் கொடுக்கலாம். அதைப் பதிந்து உரிய ஸ்டேஷனுக்கு அனுப்புவது அவர்கள் வேலை. எப்.ஐ.ஆர். நகல் இலவசம், கேட்டு வாங்குங்கள். தமிழ்நாட்டில் வளர்ந்தவர்களைக் காணவில்லை என்றாலும் எப்.ஐ.ஆர். போடும் வழக்கம் இருக்கிறது. உடனடியாகப் போடவில்லை என்றால் சி.எஸ்.ஆர். ரசீதாவது இல்லாமல் அங்கிருந்து எழுந்து வராதீர்கள். அதில் எண், தேதி, முத்திரை இருக்க வேண்டும். எடுக்கவே மறுத்தால் புகாரைப் பதிவுத் தபாலில் மாவட்ட எஸ்.பி.க்கு அனுப்புங்கள், நகரமென்றால் துணை ஆணையருக்கு. அதற்கும் அசையாவிட்டால் மாஜிஸ்திரேட் கோர்ட் இருக்கிறது.

குரலை உயர்த்த வேண்டியதில்லை. ‘சார், 18 வயசுக்குக் கீழே, 2013 உச்ச நீதிமன்ற உத்தரவுப்படி எப்.ஐ.ஆர். போட்டுக் கொடுங்க’ என்ற ஒரு வாக்கியம் போதும். விசாரணை அதிகாரியின் பெயரையும் நம்பரையும் குறித்துக்கொண்டு, தினமும் ஒரே ஆள் ஒரே நேரத்தில் பேசுங்கள். பத்துச் சொந்தக்காரர்கள் பத்துவிதமாகப் பேசினால் அதிகாரிக்கு எரிச்சல்தான் மிஞ்சும்.

முதல் இரண்டு நாள்

போன் அழைப்புப் பட்டியலும் டவர் விவரமும் போலீஸ் உயரதிகாரி வழியாகத்தான் கிடைக்கும். போன் கம்பெனிக் கடையில் காசு கொடுத்து எடுத்துத் தருகிறேன் என்பவனை நம்பாதீர்கள். ஆனால் வீட்டிலேயே செய்யக்கூடியது நிறைய: கூகுள் கணக்கு வேறு போனிலோ கணினியிலோ திறந்திருந்தால் போன் கடைசியாக எங்கே இருந்தது என்று பார்க்கலாம், யு.பி.ஐ., ஏ.டி.எம். குறுஞ்செய்திகள் இணைக்கப்பட்ட நம்பருக்கு வருகின்றனவா என்று பார்க்கலாம். அவருடைய சிம்முக்கு ரீசார்ஜ் தீராமல் பார்த்துக்கொள்ளுங்கள். என்றாவது ஒருநாள் அந்த போன் ஆன் ஆகலாம்.

சி.சி.டி.வி. விஷயத்தில் அவசரம் வேண்டும். பல கடைகளின் கருவிகளில் சில நாட்களிலேயே பழைய பதிவின் மேல் புதியது ஏறிவிடும். மெயின் ரோடு, பஸ் ஸ்டாண்ட், ஏ.டி.எம்., மருந்துக்கடை என்று வரிசையாகப் போய், பதிவை அழியாமல் எடுத்துவைக்கச் சொல்லுங்கள்; எந்தக் கடையில் எத்தனை மணிக்குத் தெரிகிறார் என்ற பட்டியலை விசாரணை அதிகாரியிடம் கொடுங்கள்.

போஸ்டர் ஒட்டும்போதும் வாட்ஸ்அப்பில் அனுப்பும்போதும் ஸ்டேஷன் நம்பரையும் வீட்டு நம்பர் ஒன்றையும் மட்டும் போடுங்கள். தேதியைப் பெரிதாகப் போடுங்கள். தேதி இல்லாத படங்கள் ஆள் கிடைத்துப் பல வருடம் ஆன பிறகும் சுற்றிக்கொண்டே இருக்கின்றன. மனநோய், காதல் போன்றவற்றை போஸ்டரில் எழுதாதீர்கள்; அவை போலீசுக்கு மட்டும். ஓர் அடையாளத்தை வெளியே சொல்லாமல் வைத்துக்கொள்ளுங்கள், உதாரணமாக முழங்காலின் தழும்பை. ‘உங்க பையன் எங்ககிட்டதான் இருக்கான், கூகுள் பேல பத்தாயிரம் போடுங்க’ என்று போன் நிச்சயம் வரும். அந்தத் தழும்பைக் கேளுங்கள். சொல்லத் தெரியாவிட்டால் வைத்துவிட்டு நம்பரை போலீசிடம் கொடுங்கள். வலியில் இருப்பவர்களிடம் பணம் பறிப்பதையே தொழிலாகச் செய்பவர்கள் உண்டு.

மறதி நோயும் மனநோயும்

இந்தியாவில் 60 வயதுக்கு மேற்பட்டவர்களில் 7.4 விழுக்காட்டினர், அதாவது ஏறக்குறைய 88 லட்சம் பேர், டிமென்ஷியாவோடு வாழ்வதாக 2023-ல் வெளியான தேசிய அளவிலான ஆய்வு மதிப்பிட்டது. இவர்களில் யாரும் எந்த நாளும் வாசலைத் தாண்டி நடக்கலாம். இவர்கள் ஓடிப்போகிறவர்கள் அல்லர். மனதில் இருக்கும் ஓர் இடத்துக்குப் போகிறவர்கள். முப்பது வருடம் வேலை பார்த்த மில், விற்றுவிட்ட பழைய வீடு, அம்மா இருந்த ஊர். ஆகவே முதலில் அந்தத் திசையில் தேடுங்கள். பக்கத்திலேயே புதர், பாதி கட்டிய கட்டடம், பூட்டிய கோயில் மண்டபம் போன்ற இடங்களையும் பாருங்கள். வழி அடைபட்ட இடத்தில் அப்படியே நின்றுவிடுவார்கள் அல்லது உட்கார்ந்துவிடுவார்கள், கூப்பிட்டால் பதில் சொல்ல மாட்டார்கள். தண்ணீர் குடிக்கத் தோன்றாது என்பதால் வெயில் காலத்தில் ஒவ்வொரு மணியும் முக்கியம். மூத்த குடிமக்கள் உதவி எண் 14567. போன் நம்பர் பொறித்த ஒரு வளையலோ காப்போ முன்கூட்டியே போட்டுவையுங்கள்.

மனநோய் உள்ளவர்கள் ரயிலேறி மொழி தெரியாத மாநிலத்தில் போய் இறங்கிவிடுகிறார்கள். நம் ஊர் பஸ் ஸ்டாண்டில் இந்தியிலோ வங்காள மொழியிலோ முணுமுணுத்துக்கொண்டு படுத்திருப்பவரை எங்கோ ஒரு குடும்பம் தேடிக்கொண்டிருக்கிறது. நம் ஊர் ஆட்களும் அதே மாதிரி வடக்கே கிடக்கிறார்கள். 2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 100-ஆம் பிரிவு, இப்படித் திரிபவரைக் கண்டால் காணாமல் போனவர் என்று எப்.ஐ.ஆர். போட்டு, குடும்பத்தைத் தேடுவது ஸ்டேஷன் அதிகாரியின் கடமை என்கிறது. பலருக்கு இது தெரியாது. உங்கள் தெருவில் அப்படி ஒருவர் இருந்தால் சோறு கொடுப்பதோடு 112-க்கும் சொல்லுங்கள். சென்னையில் 1993-ல் தொடங்கிய பான்யன், மகாராஷ்டிரத்தின் கர்ஜத்தில் டாக்டர் பரத் வட்வானி நடத்தும் ஸ்ரத்தா மறுவாழ்வு மையம் போன்றவை சிகிச்சை கொடுத்து, நினைவு தெளிந்ததும் ஊர்ப் பெயரைக் கேட்டறிந்து வீட்டில் கொண்டுபோய்ச் சேர்க்கின்றன. இந்தப் பணிக்காக வட்வானிக்கு 2018-ல் மகசேசே விருது கிடைத்தது. தேடும் குடும்பங்கள் இத்தகைய நிறுவனங்களுக்கும் அரசு மனநல மருத்துவமனைகளுக்கும் போட்டோவை அனுப்பிவைக்க வேண்டும்.

ஆதாரும் பலரை வீடு சேர்த்திருக்கிறது. இல்லத்தில் வளரும், பேசத் தெரியாத பையனுக்குப் புதிதாக ஆதார் எடுக்கப் போகிறார்கள். இவருக்கு ஏற்கெனவே எண் இருக்கிறது என்று விண்ணப்பம் திரும்பி வருகிறது. மண்டல அலுவலகத்தில் விசாரித்தால், பல ஆண்டுகளுக்கு முன் வேறொரு மாநிலத்தில் அம்மா எடுத்து வைத்த ஆதார். இது நடக்க வேண்டுமானால் குழந்தையின் கைரேகை முன்பே பதிவாகியிருக்க வேண்டும். ஐந்து வயதுக்குள் எடுக்கும் ஆதாரில் கைரேகை இல்லை. ஐந்திலும் பதினைந்திலும் புதுப்பிக்கத் தவறாதீர்கள், பேச்சு வராத பிள்ளை உள்ள வீடுகளில் கட்டாயமாக.

மாதங்கள் கடந்தால்

விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்று 90 நாட்களுக்குள் புகார்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 193-ஆம் பிரிவு. தெரிவிக்காவிட்டால் எழுதிக் கேளுங்கள். குழந்தை நான்கு மாதத்தில் கிடைக்கவில்லை என்றால் வழக்கு ஆள்கடத்தல் தடுப்புப் பிரிவுக்கு மாற்றப்பட வேண்டும். மாற்றிவிட்டார்களா என்று கேளுங்கள். யாரோ பிடித்து வைத்திருக்கிறார்கள் என்று நம்ப ஆதாரம் இருந்தால் சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ ஆட்கொணர்வு மனு போடலாம். வக்கீலுக்குப் பணம் இல்லாதவர்களுக்கு மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு வக்கீல் வைத்துத் தரும். அடையாளம் தெரியாத உடல்களின் பட்டியலைப் பார்க்க வேண்டிய நாளும் வரும். அதற்குப் பெற்றோரை அனுப்பாதீர்கள். நெஞ்சுறுதியுள்ள உறவினர் ஒருவர் போகட்டும். சந்தேகம் இருந்தால் டி.என்.ஏ. பரிசோதனை கேளுங்கள், முகம் பார்த்துச் சொல்வது தவறிப்போகக் கூடும்.

பணக் காரியங்களும் தள்ளிப்போடக் கூடியவை அல்ல. மத்திய அரசு ஊழியரோ ஓய்வூதியரோ காணாமல் போனால், எப்.ஐ.ஆர். தேதியிலிருந்து ஆறு மாதம் கழித்துக் குடும்பம் ஓய்வூதியம் கேட்கலாம். மற்றவர்கள் விஷயத்தில், உயிரோடு இருந்தால் யாருக்குத் தகவல் தெரிந்திருக்குமோ அவர்களுக்கு ஏழு ஆண்டு எந்தத் தகவலும் இல்லை என்றால், அவர் உயிரோடு இருக்கிறார் என்று நிரூபிக்கும் பொறுப்பு அப்படிச் சொல்பவரைச் சேரும் என்பது சாட்சியச் சட்டம். பாரதிய சாக்ஷ்ய அதிநியமில் இது 111-ஆம் பிரிவு. சிவில் கோர்ட்டில் இதற்கான தீர்ப்பு வாங்கித்தான் இறப்புச் சான்றிதழ், நிலம், இன்சூரன்ஸ் எல்லாம் நகரும். முதல் நாள் எப்.ஐ.ஆர். இல்லாத குடும்பம் இங்கேதான் திண்டாடுகிறது. 2004 சுனாமி, 2013 உத்தரகாண்ட் வெள்ளம் போன்ற பேரிடர்களில் தொலைந்தவர்களுக்கு ஏழு ஆண்டு காத்திருக்காமல் இறப்பைப் பதிய அரசு தனி நடைமுறை வகுத்தது.

கிடைத்த பிறகு

குழந்தை கிடைத்தால் 24 மணி நேரத்துக்குள் குழந்தைகள் நலக் குழு முன் நிறுத்த வேண்டும். அங்கே தாமதமானால் சண்டை போடாதீர்கள். வீட்டுக்கு அனுப்புவது பாதுகாப்பானதா என்று கேட்டுத் தெரிந்துகொள்வது அவர்கள் வேலை. முதல் இரவு கேள்வி எதுவும் வேண்டாம். குளிக்கட்டும், சாப்பிடட்டும், தூங்கட்டும். உடம்பில் காயமோ தகாதது நடந்ததற்கான அறிகுறியோ இருந்தால் மட்டும் குளிப்பதற்கு முன்பே டாக்டரிடம் காட்ட வேண்டும். வீட்டில் பேச முடியாதவற்றைப் பேச 14416-ல் மனநல ஆலோசகர்கள் இருக்கிறார்கள். தெருவில் யாரும் விசாரிக்க வந்தால் வாசலிலேயே பேசி அனுப்பிவிடுங்கள். எதனால் போனார் என்பதைச் சரி செய்யாத வீட்டிலிருந்து மறுபடியும் போய்விடுவார்கள்.

போஸ்டர்களைக் கிழிப்பதும், ‘கிடைத்துவிட்டார்’ என்று அதே குரூப்புகளுக்கு அனுப்புவதும், படங்களை நீக்கச் சொல்வதும் உங்கள் பொறுப்பு. ஸ்டேஷனில் வழக்கை முடித்துக்கொண்டதற்கான நகலை வாங்கும்போது, காணாமல் போனோர் கணினிப் பதிவிலிருந்து பெயரை எடுத்துவிட்டார்களா என்று கேளுங்கள். எடுக்கவில்லை என்றால், இரண்டு வருடம் கழித்து அவர் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பிக்கும்போது போலீஸ் சரிபார்ப்பில் பழைய பதிவு எழுந்து நிற்கக்கூடும். அந்த நகலைப் பிறப்புச் சான்றிதழோடு சேர்த்து வையுங்கள்.